பொம்மை யாரைப் பார்க்கிறது?

பொம்மை செய்யக் கற்றுக்கொள்ள என்னிடம் வருகிற பிள்ளைகள் முதல் நாளே வாயைப் பற்றித்தான் கேட்கிறார்கள். வாய் எப்படித் திறக்கிறது, பேச்சோடு எப்படிச் சேர்கிறது, உள்ளே கை எங்கே இருக்கிறது என்று. அதெல்லாம் பத்து நாளில் வந்துவிடும். கண் வைக்கக் கற்றுக்கொள்ள எனக்குப் பதினான்கு வருடம் ஆனது. அந்தக் கதையை எழுதி வைத்தால் பின்னால் வருகிறவர்களுக்கு நாலைந்து வருடமாவது மிச்சமாகும்.

எனக்குத் திண்டிவனத்துக்கும் மயிலத்துக்கும் நடுவில் ஒரு கிராமம். எங்கள் பக்கம் தெருக்கூத்துக்குப் பேர்போனது. திரௌபதி அம்மன் கோயிலில் பாரதம் வைத்தால் விடிய விடியக் கூத்து நடக்கும். வேஷக்காரர்கள் கட்டுகிற கிரீடம், புஜகீர்த்தி, மார்ப்பதக்கம் எல்லாவற்றுக்கும் சேர்த்துக் 'கட்டை' என்று பெயர். அந்தக் கட்டைகளையும் பொய்க்கால் குதிரையின் தலைகளையும் செதுக்குகிற ஒருவர் எங்கள் ஊரில் இருந்தார். ஊரே அவரை வாத்தியார் என்றுதான் கூப்பிடும். 1978இல் பள்ளிக்கூடத்தை விட்டு நின்ற கையோடு அவர் திண்ணையில் போய் உட்கார்ந்தேன். முதல் ஆறு மாதம் உளியைத் தொட விடவில்லை. மரத்தைத் தூக்கு, மரத்தைத் திருப்பிப் போடு, மரத்தை மோந்து பார். இதுதான் வேலை.

கட்டைக்கு ஏற்ற மரம் கல்யாண முருங்கை. அப்போதெல்லாம் எங்கள் ஊர் வேலி முழுக்க அதுதான் நிற்கும். முள் இருக்கும், சிவப்பாகப் பூக்கும். காய்ந்துவிட்டால் நெட்டி மாதிரி லேசாக இருக்கும். இரவு முழுக்கத் தலையிலும் தோளிலும் சுமந்து ஆடுகிறவனுக்கு வேறு மரம் ஒத்துவராது. தஞ்சாவூர், கும்பகோணம் பக்கத்துப் பொம்மலாட்டக்காரர்கள் மரப்பாவை செய்வதும் இதே மரத்தில்தான். ஆனால் பச்சையாக வெட்டும்போது அதற்குள் அவ்வளவு தண்ணீர் இருக்கும். பட்டையை உரித்து, மாட்டுக்கொட்டகைப் பரணில் நிழலில் போட்டு, பத்து நாளைக்கு ஒருமுறை திருப்பிப் போட வேண்டும். "மரம் அழுது முடிக்கணும்டா. அதுக்கு முன்ன உளி வச்சா, பின்னால அது நம்பள அழ வைக்கும்" என்பார் வாத்தியார்.

கேட்டுக்கொண்டேன், ஆனால் நம்பவில்லை. ஒரு சித்திரையில் அவசர வேலை வந்தது. ஒரு துண்டை எடுத்துப்போய் மொட்டைமாடி வெயிலில் இரண்டு நாள் காயவைத்தேன். தட்டினால் 'டங்' என்று நல்ல சத்தம் வந்தது. குதிரைத் தலையைப் பிடரி வரைக்கும் செதுக்கி முடித்துவிட்டேன். அன்றைக்கு ராத்திரி அது வெடித்த சத்தம் கேட்டு எழுந்து உட்கார்ந்தேன். நெற்றியிலிருந்து மூக்குவரை விரல் நுழைகிற அளவுக்குப் பிளவு. வாத்தியார் திட்டவில்லை. ரம்பத்தை எடுத்துக் கொடுத்துக் குறுக்கே அறுக்கச் சொன்னார். மேலே ஒரு விரற்கடை எலும்பு மாதிரி காய்ந்திருந்தது. உள்ளே தொட்டால் ஈரம் விரலில் ஒட்டியது. "பாத்துக்கோ" என்று ஒரே வார்த்தை சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவர் செய்த காரியத்திலேயே பெரிய பாடம் அதுதான் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். என்னிடம் வேலை கற்கும் பிள்ளை எதையாவது கெடுத்துவிட்டால், கெட்டதை அறுத்து உள்ளே பார்க்கச் சொல்கிறேன்.

வாச்சியால் உருவெட்டி, உளியும் கொட்டாப்புளியுமாக முகம் எடுத்து, அரம் போட்டு, உப்புத்தாள் தேய்த்த பிறகும் குழி, கீறல் இருக்கும். அதை அடைக்க மரத்தூளும் புளியங்கொட்டைப் பசையும் வேண்டும். புளியங்கொட்டையை வறுத்து, தோல் நீக்கி, ஒரு ராத்திரி ஊறப்போட்டு, அரைத்து, இளந்தீயில் கிண்டினால் பசை ரெடி. பூச்சி அரிக்காமல் இருக்க மயில்துத்தம் ஒரு சிட்டிகை போட வேண்டும். திண்டிவனம் என்கிற பெயரே திந்திரிணி வனம், அதாவது புளியங்காடு என்பதிலிருந்து வந்தது என்பார்கள். பசைக்கு எங்கள் ஊரில் என்றைக்கும் பஞ்சமில்லை. இன்றைக்குக் கடையில் டப்பா டப்பாவாகப் பசை விற்கிறது, நானும் வாங்குகிறேன். ஆனால் மரத்தின் மேல் துணி ஒட்டிச் சாயம் ஏற்றுகிற வேலைக்குப் புளியங்கொட்டைப் பசையை மிஞ்ச ஒன்றும் இல்லை. மரம் சுருங்கினால் அதுவும் கூடவே சுருங்கும்.

வாத்தியார் கண்ணை மட்டும் கடைசியில்தான் வைப்பார். சிலைக்கு ஸ்தபதிகள் கண் திறக்கிற மாதிரி, குளித்துவிட்டு விடியற்காலையில் உட்காருவார். ஏன் கடைசியில் என்று ஒருநாள் கேட்டேன். "மொதல்லயே கண்ணு வச்சிட்டா அது உன்னையே பாத்துக்கினு இருக்கும். அதுக்குப் பயந்துகினு நீ மூக்க ஒழுங்காச் செதுக்க மாட்ட" என்றார். அப்போது சிரித்தேன். இன்றைக்கு அதையே என் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன்.

1990களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் எங்கள் பக்கம் வந்தது. அப்போது விழுப்புரம் தனி மாவட்டம் ஆகவில்லை. 1993 செப்டம்பர் 30 வரைக்கும் நாங்கள் தென்னாற்காடு. இரவில் எழுத்துச் சொல்லிக் கொடுக்கக் கிராமம் கிராமமாகப் போகிற தொண்டர்களுக்குக் கைப்பொம்மைகள் தேவைப்பட்டன. மரத்தில் செய்தால் கை வலிக்கும், செலவும் கட்டாது. அதனால் காகிதக்கூழுக்கு மாறினேன். எங்கள் அம்மா கூழில் முறம், கூடை செய்கிறவள். பழைய பேப்பரை மூன்று நாள் ஊறப்போட்டு, வெந்தயம் சேர்த்து ஆட்டுக்கல்லில் அரைத்து, பானைக் கவிழ்ப்பின் மேல் அப்பிக் காயவைப்பாள். பானைக்குப் பதிலாக நான் களிமண் தலையைக் கவிழ்த்தேன். ஒரு மாதத்தில் தாத்தா, பாட்டி, காக்கா, நரி என்று பதினெட்டுத் தலை செய்து முடித்தேன்.

மரக்காணம் உப்பளத்தை ஒட்டிய ஒரு குப்பத்தில் ஆட்டம். பெட்ரோமாக்ஸ் வெளிச்சம். பாட்டிப் பொம்மையை நான்தான் ஆட்டினேன். பேச்சு நன்றாகத்தான் போனது. பெரியவர்கள் சிரித்தார்கள். முன்வரிசையில் ஆறு வயதுப் பெண் குழந்தை ஒன்று இந்தப் பக்கம் நகர்ந்து பார்த்தது, அந்தப் பக்கம் நகர்ந்து பார்த்தது. பிறகு அம்மாவிடம் சத்தமாகவே சொன்னது: "அது நம்பளப் பாக்கலம்மா. லைட்டப் பாக்குது." எழுந்து போய்விட்டது.

அந்தப் பொம்மையைப் பையில் போட்டுக்கொண்டு மறுநாள் வாத்தியார் வீட்டுக்குப் போனேன். அவருக்குக் கண்பார்வை மங்கத் தொடங்கியிருந்தது. பொம்மையைக் கை நீட்டித் தள்ளிப் பிடித்தார். இடப்பக்கம் திருப்பினார், வலப்பக்கம் திருப்பினார். ரொம்ப நேரம் கழித்துச் சொன்னார்: "ரெண்டு கண்ணும் ரெண்டு ஊருக்குப் போவுது. ஒரே ஊருக்குப் போவச் சொல்லு."

நான் இரண்டு கண்ணிலும் கருவிழியை நட்டநடுவில் வைத்திருந்தேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது. ஆனால் மனிதன் ஒன்றைக் கிட்டத்தில் பார்க்கும்போது இரண்டு கருவிழியும் மூக்குப் பக்கம் கொஞ்சம் சாயும். நட்டநடுவில் நின்றால் தூரத்து மலையைப் பார்க்கிற பார்வையாகிவிடும். அன்றிலிருந்து இன்றுவரை என் முறை இதுதான்: கருவிழியை முதலில் வரைவதில்லை. கறுப்புக் காகிதத்தில் வட்டம் வெட்டி, ஒரு சொட்டுப் பசையில் ஒட்டுகிறேன். ஆறடி தள்ளி உட்கார்ந்து பார்க்கிறேன். ஒரு நெல் அகலம் உள்ளே நகர்த்துகிறேன். மறுபடியும் பார்க்கிறேன். என்னைப் பார்க்கிறது என்று தோன்றியதும் நிறுத்திவிடக் கூடாது. பக்கத்து வீட்டுக் குழந்தையைக் கூப்பிட்டு "இது யாரைப் பாக்குது?" என்று கேட்க வேண்டும். "என்னைய" என்று சொன்னால்தான் தூரிகையைத் தொட வேண்டும்.

அமெரிக்காவில் ஜிம் ஹென்சன் என்பவர் தொலைக்காட்சிப் பொம்மைகளில் பெரிய பெயர். 1969இல் தொடங்கிய 'செசமி ஸ்ட்ரீட்' நிகழ்ச்சிக்கு அவர் செய்து கொடுத்த பொம்மைகளை உலகமே பார்த்தது. அவரிடம் வேலை பார்த்த டான் சாலின் என்கிற கலைஞர் கண் வைப்பதில் கெட்டிக்காரர் என்று ரொம்பக் காலம் கழித்துத் தெரிந்துகொண்டேன். அவரும் கண்ணைத்தான் பெரிதாக நினைத்தார் என்றதும், ஒரே பட்டறைக்காரர் மாதிரி தோன்றியது. ஹென்சன் தன் தவளைப் பொம்மையை 1955இல் முதன்முதலில் செய்தது அவருடைய அம்மாவின் பழைய கோட்டுத் துணியில். கண்ணுக்கு டேபிள் டென்னிஸ் பந்தை இரண்டாக வெட்டி வைத்தார். பொருள் இல்லை, கருவி இல்லை என்று சொல்லிக்கொண்டு வருகிற பிள்ளைகளுக்கு இதை மட்டும் சொல்வேன்.

சென்னைத் தொலைக்காட்சி 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. எங்கள் ஊருக்குப் பெட்டி வந்த பிறகு, உயரமான ஆன்டெனா வைத்து 'கண்மணிப் பூங்கா' பார்க்கக் குழந்தைகள் கூடிவிடுவார்கள். நானும் பின்னால் நின்று பார்ப்பேன். அந்தப் பெட்டிக்குள் என் பொம்மையும் போகும் என்று நினைக்கவில்லை. 1990களின் கடைசியில் ஒரு தனியார் சிறுவர் நிகழ்ச்சிக்குப் பொம்மை கேட்டுச் சென்னையிலிருந்து ஆள் வந்தார்கள். ஒரு பச்சைக்கிளி, ஒரு காக்கா, ஒரு அம்மாயி. மூன்றையும் அட்டைப்பெட்டியில் வைத்துத் திண்டிவனத்தில் பஸ் ஏறினேன்.

இருபது வருட அனுபவம் அன்றைக்குக் காலை ஒரு மணி நேரத்தில் ஒன்றுமில்லாமல் போனது. கண்ணுக்கு எனாமல் பெயின்ட் அடித்திருந்தேன். ஸ்டூடியோ விளக்கு பட்டதும் கருவிழி முழுக்க வெள்ளையாகப் பளபளத்தது. மேடையில் மினுங்கி நன்றாக இருந்த வெல்வெட் துணி, கேமராவில் சொட்டச் சொட்ட நனைந்த மாதிரி தெரிந்தது. அதைவிடப் பெரிய அடி, பின்னால் கட்டியிருந்த பச்சைத் திரை. பச்சை நிறம் எங்கெல்லாம் இருக்கிறதோ அங்கெல்லாம் வேறு படம் வரும் என்பது எனக்குத் தெரியாது. கிளியை உயர்த்தினேன். மானிட்டரில் சிவப்பு மூக்கும் இரண்டு கண்ணும் மட்டும் காற்றில் மிதந்தன. படப்பிடிப்பு நின்றது. சம்பளம் பேசி வந்த பத்துப் பதினைந்து பேர் கைகட்டி நின்றார்கள். ராத்திரியோடு ராத்திரியாகக் கறுப்புச் சாயம் வாங்கி, கிளியின் உடம்பைக் கருக்கி, மூக்குக்கும் கண்ணோரத்துக்கும் மஞ்சள் கொடுத்து மைனாவாக்கினேன். கதாசிரியர் ஒரு வார்த்தை மாற்றினார். மறுநாள் வேலை நடந்தது. அன்றிலிருந்து ஒப்புக்கொள்ளும் முன்னால் பின்திரை என்ன நிறம் என்று கேட்காமல் நான் துணி வெட்டியதில்லை.

இப்போது கேமராப் பொம்மைக்கு நான் பயன்படுத்துகிற சாமான்களைச் சொல்லிவிடுகிறேன். தலைக்கு மெத்தைக் கடையில் மிச்சம் விழும் ஃபோம். பிளேடால் வெட்டாமல் கத்தரிக்கோலின் நுனியால் கிள்ளிக் கிள்ளி எடுத்தால் உருண்டை சரியாக வரும். மேலே பனியன் துணி. இழுத்த பக்கம் வரும், மினுங்காது. வாய்த்தட்டுக்கு முதலில் அட்டை வைத்தேன், கை வியர்வையில் ஊறி இரண்டே நாளில் தொங்கிவிட்டது. பிறகு செருப்புத் தைக்கிற அண்ணனிடம் மெல்லிய ரப்பர் ஷீட் வாங்கி வைத்தேன். பத்து வருடம் தாங்குகிறது. கையை ஆட்டுகிற கம்பிக்குப் பழைய குடைக்கம்பி. அதற்கு மங்கலான கறுப்பு அடிக்க வேண்டும். உள்ளே விடுகிற கைக்குப் பருத்தி உறை, இல்லாவிட்டால் வியர்வையில் தலை வழுக்கித் திரும்பிவிடும். தலை திரும்பினால் பார்வை போயிற்று.

ஆட்டுகிறவர்களுக்கு இரண்டு விஷயம். ஒன்று, வாய். புதிதாக வருகிறவர்கள் நாலு விரலையும் மேலே தூக்குகிறார்கள். பொம்மை அண்ணாந்து கூரையைப் பார்த்துப் பேசுகிறது. விரல்கள் நிற்கிற இடத்தில் நிற்கட்டும், கட்டைவிரலைக் கீழே இறக்குங்கள். நமக்கும் கீழ்த்தாடைதான் அசைகிறது. எப்போது திறப்பது, எப்போது மூடுவது என்பதற்குத் தமிழே வழி வைத்திருக்கிறது. உயிர் ஒலிக்கிற இடத்தில் திற. ப், ம் வருகிற இடத்தில் மூடு. 'அம்மா' என்று சொல்லிப் பாருங்கள். திறந்து, மூடி, திறக்கிறது. அவ்வளவுதான். வேகமாகப் பேசும்போது எல்லா எழுத்துக்கும் திறந்து மூடினால் மாடு அசைபோடுகிற மாதிரி இருக்கும். அழுத்திச் சொல்கிற உயிருக்கு மட்டும் திறந்தால் போதும்.

இரண்டு, கை. கேமராவுக்குக் கீழே மண்டியிட்டு, கையை நேராக மேலே நிறுத்தி, நம் முகம் மானிட்டரைப் பார்க்க வேண்டும். மானிட்டர் கண்ணாடி மாதிரி இல்லை, இடது வலது மாறித் தெரியும். முதல் வாரம் எல்லாரும் தவறான பக்கம்தான் நகர்வார்கள். அது பழகிவிடும். கை தளர்வதுதான் கஷ்டம். தளர்ந்தால் பொம்மை கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீரில் மூழ்குகிற மாதிரி இறங்கும். என் பிள்ளைகளைக் கை தூக்கிப் பதினாறாம் வாய்ப்பாடு முழுக்கச் சொல்ல வைப்பேன். முடிந்ததும் பதினேழாம் வாய்ப்பாடு.

கும்பகோணம் மணி ஐயர் வழி வந்த பொம்மலாட்டத்தைத் தேடிப்போய்ப் பார்த்திருக்கிறேன். நாலடிக்கும் மேல் உயரம், பத்துக் கிலோ கனம் வரைக்கும் வரும் மரப்பாவைகள் அவை. கயிறுகளைத் தலையில் மாட்டிய வளையத்தில் கட்டிக்கொண்டு, இரண்டு கைகளாலும் கம்பிகளைப் பிடித்துப் பாவையின் கைகளை ஆட்டுகிறார்கள். ஆட்டுகிறவரின் தலை சாய்ந்தால் பாவை சாய்கிறது. அங்கே நான் பார்த்துக்கொண்டிருந்தது ஆடாமல் நின்ற பாவையைத்தான். ஒன்று பேசும்போது மற்றது அசையாமல் அதையே பார்த்து நிற்கிறது. அந்த நிதானத்தில்தான் எனக்குக் கதை நம்பும்படி இருந்தது. எங்கள் படப்பிடிப்பில் பேசாத பொம்மையை ஆட்டுகிறவர்கள் சும்மா இருக்க மாட்டாமல் தலையாட்டிக்கொண்டே இருப்பார்கள். ஊருக்கு வந்ததும் அதை நிறுத்தச் சொன்னேன். பேசுகிறவரைப் பார், பேச்சு முடிந்ததும் கேமராவைப் பார், அதற்குமேல் எதுவும் வேண்டாம்.

பொம்மை மட்டும் செய்துகொண்டிருந்த நான் நிகழ்ச்சியே தயாரிக்கத் தொடங்கியது இந்தப் பார்வைக்காகத்தான். வேறொருவர் கேமரா வைத்தால் பெரியவர்கள் நிற்கிற உயரத்தில் வைக்கிறார்கள். தரையில் உட்கார்ந்திருக்கிற குழந்தையின் கண் உயரத்தில் வைக்க வேண்டும். விழுப்புரத்தில் ஒரு வாடகைக் கூடம், இரண்டு விளக்கு, நாலு பேர். நாள் முழுக்க எடுத்தால் நாலு நிமிடம் தேறும். ஒவ்வொரு கதையையும் எடுப்பதற்கு முன் அங்கன்வாடியில் சொல்லிப் பார்ப்பேன். எந்த இடத்தில் குழந்தைகள் ஜன்னலைப் பார்க்கிறார்களோ, அந்த வரியை வெட்டிவிடுவேன்.

ஒருமுறை பொறுப்பில் இருந்த ஒருவர், காக்கா பேசுகிற "இட்னு வா", "இன்னா பண்ற" எல்லாவற்றையும் புத்தகத் தமிழாக மாற்றச் சொன்னார். மாற்றி அங்கன்வாடியில் போட்டுக் காட்டினேன். வழக்கமாகக் காக்காவுக்குப் பதில் சொல்கிற குழந்தைகள் கைகட்டி வாயில் விரல் வைத்து உட்கார்ந்துவிட்டார்கள். வகுப்பு என்று நினைத்துவிட்டார்கள். அதற்குப் பிறகு ஒரு வழி கண்டேன். காக்கா எங்கள் ஊர்ப் பேச்சு பேசும். அம்மாயி அதையே நல்ல தமிழில் திருப்பிச் சொல்வாள். குழந்தைகள் காக்காவோடு பேசினார்கள், அம்மாயியிடமிருந்து கற்றுக்கொண்டார்கள்.

2019 ஆகஸ்ட் 26இல் தமிழ்நாடு அரசின் கல்வித் தொலைக்காட்சி தொடங்கியது. அடுத்த வருடமே பெருந்தொற்று வந்து பள்ளிகளைப் பூட்டினார்கள். பாடமெல்லாம் பெட்டி வழியாக வீட்டுக்கு வந்தது. அந்த மாதங்களில் எங்கள் பக்கத்து ஆசிரியைகள் போனில் கூப்பிட்டு, கைப்பொம்மை செய்யச் சொல்லிக் கொடுங்கள் என்று கேட்டார்கள். காலுறை, பொத்தான், பழைய பனியன். கண்ணை எங்கே ஒட்டுவது என்பதைத்தான் அதிகநேரம் சொல்லிக் கொடுத்தேன். ஒரு டீச்சர் தன் பொம்மையின் படத்தை ஏழு தடவை அனுப்பினார். ஏழாவது படத்தில் அது என்னைப் பார்த்தது.

2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் புயல் வந்தது. மயிலத்தில் மட்டும் ஒரே நாளில் ஐம்பது சென்டிமீட்டர் அளவுக்கு மழை. எங்கள் பட்டறையில் இடுப்பளவு தண்ணீர். இரண்டு நாள் கழித்துப் பெட்டிகளைத் திறந்தேன். காகிதக்கூழ்த் தலைகள் திரும்பவும் கூழாகியிருந்தன. ஃபோம் பொம்மைகள் சேறு குடித்துப் பூசணம் பிடித்தன. வாத்தியார் செதுக்கிக் கொடுத்த கல்யாண முருங்கைக் குதிரைத் தலை ஒன்று மட்டும் மிதந்துபோய்ச் சன்னல் ஓரம் நின்றிருந்தது. சாயம் உரிந்திருந்தது. பிளவு இல்லை. நிழலில் வைத்துக் காயவிட்டேன். கண் இரண்டும் அப்படியே இருந்தன.

அந்த மரம் இப்போது எங்கள் பக்கம் குறைந்துவிட்டது. வேலிகள் கம்பிவேலி ஆகிவிட்டன. 2005க்குப் பிறகு ஒரு சின்னக் குளவி வந்து இலையிலெல்லாம் முடிச்சுப் போட்டுப் பல மரங்களைக் கெடுத்தது. பொம்மை செய்ய வேண்டும் என்று ஆசைப்படுகிற தம்பி தங்கைகள் உளி வாங்குவதற்கு முன் ஒரு மரம் நடுங்கள். கல்யாண முருங்கைக்கு விதை தேட வேண்டியதில்லை, போத்து நட்டால் போதும். எங்கள் வேலியில் பன்னிரண்டு மரம் நிற்கிறது. மழைக்கு முன்னால் வந்தால் வெட்டித் தருகிறேன்.